ஐந்தாவது நிறுத்தத்தில் ஒரு சிறைச்சாலை

என் மனைவியின் தங்கை மகள், தான் வழிகாட்டியாக நடத்தப்போகும் முதல் நகர நடைக்கு என்னை அழைத்தபோது ஒரே ஒரு நிபந்தனைதான் வைத்தாள்.

“பெரியப்பா, குறைஞ்சது பன்னெண்டு பேர் வேணும்னு சொல்லிட்டாங்க. பதினொண்ணுதான் சேர்ந்திருக்கு. அதுக்குத்தான் உங்களைக் கூப்பிடுதேன். ஆனா வாயத் திறக்கக் கூடாது.”

“சந்தேகம் வந்தா கேட்கலாமா?”

“உங்களுக்கு என்னைக்குச் சந்தேகம் வந்திருக்கு? அடுத்தவங்களைத் திருத்துததுக்குத்தான வாயத் திறப்பீங்க.”

என் மனைவி அடுக்களையிலிருந்தே சிரித்தாள். ஐம்பத்து மூன்று வயதில் ஒருவனுடைய குணத்தைப் பற்றிக் குடும்பம் ஒருமனதாக ஒரு முடிவுக்கு வந்துவிட்டால் மேல்முறையீட்டுக்கு வழியில்லை. வாயைத் திறக்க மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

அவள் வரலாறு படித்தவள். படித்துவிட்டு இரண்டு வருடம் சென்னையில் ஒரு அலுவலகத்தில் காதில் கருவியை மாட்டிக்கொண்டு, முகம் தெரியாத மனிதர்களின் கிரெடிட் கார்டு கோபங்களைக் கேட்டுக்கொண்டிருந்தாள். அதை விட்டுவிட்டு ஊருக்கு வந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. சென்னையிலுள்ள ஒரு சுற்றுலா நிறுவனம் தூத்துக்குடியின் பழைய தெருக்களை நடத்திக் காட்டும் திட்டத்தைத் தொடங்க நினைத்தது. அதன் மேலாளர் அம்மா அந்தச் சனிக்கிழமை தானே கூட நடந்து பார்ப்பார். பிடித்துப்போனால் வாராவாரம் நடை, மாதச் சம்பளம், சொந்த ஊர். பிடிக்காவிட்டால் ஒன்றாம் தேதி பழைய அலுவலகத்துக்கே திரும்ப வேண்டும். சேரச் சொல்லி வந்த கடிதத்தை அவளுடைய அம்மா சாமி படத்துக்கு முன்னால் வைத்திருந்தாள். மகள் அந்த வேலைக்கே திரும்ப வேண்டும் என்றுதான் வேண்டிக்கொண்டாள் என்பது வீட்டில் எல்லோருக்கும் தெரியும். மகளுக்கும் தெரியும்.

காலை ஆறரைக்குப் பழைய துறைமுக வாசலில் கூடினோம். உள்ளே ஒரு தோணியில் மாலத்தீவுக்கு வெங்காயம் ஏறிக்கொண்டிருந்தது. மீனவர் பகுதியான திரேஸ்புரம் பக்கமிருந்து வந்த கருவாட்டுக் காற்றில், கோயம்புத்தூரிலிருந்து வந்திருந்த ஒரு தம்பதி மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். மதுரையிலிருந்து வந்திருந்த ஓய்வுபெற்ற அதிகாரி ஒருவர், வெயில் வருவதற்கு முன்பே தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் போட்டிருந்தார். மேலாளர் அம்மா நூல் புடவைக்குக் கீழே ஓட்டப்பந்தயக் காலணி அணிந்து, கையில் ஒரு டேப்லெட் வைத்திருந்தார். ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் ஐந்துக்கு இத்தனை என்று அவர் மதிப்பெண் போடப்போவது பக்கத்தில் நின்றால் தெரிந்தது. நான் பக்கத்திலேயே நின்றுகொண்டேன்.

கழுத்தில் மைக்கும் இடுப்பில் சின்ன ஒலிபெருக்கியுமாக என் மகள்முறைக்காரி வந்தாள். ஆளுக்கொரு தாளைக் கொடுத்தாள். ஒரு பக்கம் வரைபடம், மறுபக்கம் ஆறு நிறுத்தங்கள், ஒவ்வொன்றுக்கும் நாலு வரிக் குறிப்பு. அச்சுப்பிழை ஏதாவது அகப்படுமா என்று பார்த்துக்கொண்டே வந்தவன் ஐந்தாவதில் நின்றேன்.

‘முத்துக்குளிப்போர் சிறை. முத்தை விழுங்கியதாகச் சந்தேகிக்கப்பட்டவர்களை டச்சுக்காரர்கள் காலத்தில் சங்கிலியில் பிணைத்து வைத்திருந்த வீடு. உள்ளே செல்ல முதன்முறையாக அனுமதி.’

அந்தச் சிறையைக் கட்டியவன் நான்.

இருபத்து நான்கு வருடங்களுக்கு முன்பு நான் ஒரு கப்பல் முகவர் நிறுவனத்தில் போர்டிங் கிளார்க்காக இருந்தேன். கப்பல் வந்ததும் முதலில் ஏறுபவனும் கிளம்பும்போது கடைசியில் இறங்குபவனும் போர்டிங் கிளார்க்தான். நடுவில் கேப்டனுக்குப் பல்வலி என்றால் மருத்துவரிடம் கூட்டிப்போவான், மகளுக்குப் பாசிமாலை வேண்டுமென்றால் கடைக்குக் கூட்டிப்போவான். ஆனால் அவனுடைய முதன்மையான வேலை, கப்பலுக்கு வேண்டிய ஏதோ ஒன்று எங்கேயோ தாமதமாகும்போது அந்தத் தாமதம் கேப்டனுக்கு உறைக்காமல் பார்த்துக்கொள்வது. அந்தத் தொழிலில் ‘தெரியாது’ என்ற சொல்லுக்கு இடமில்லை. எப்போது வரும் என்றால் அரை மணி நேரம். அது என்ன என்றால் ஏதாவது ஒன்று.

அன்று கடைவாய்ப்பல் பிடுங்கிய ஒரு கேப்டன். வாய் நிறையப் பஞ்சு. ஒட்டன்சத்திரத்திலிருந்து வர வேண்டிய முட்டைக்கோசு லாரி வழியில் எங்கேயோ நின்றுவிட்டது. காய்கறி ஏறாமல் கப்பலை எடுக்க மாட்டேன் என்று அவர் காலையிலேயே சொல்லியிருந்தார். ஆட்டோவில் வைத்து ஊரைச் சுற்றினேன். சரக்கு வைக்கும் பழைய கிட்டங்கிகள் இருக்கும் ஒரு தெருவில் நிழலுக்கு ஒதுங்கினோம். எதிரே ஒரு கிட்டங்கி வீடு. பக்கவாட்டு முற்றம் அப்போது திறந்தே கிடக்கும். அதன் சுவரில் முழங்கால் உயரத்தில் வரிசையாக ஏழு இரும்பு வளையங்கள், கடைசி ஒன்று மட்டும் சற்று மேலே. அவற்றுக்கு மேலே காரைச்சுவர் எண்ணெய் தேய்த்ததுபோல் வழவழவென்று இருந்தது. கேப்டன் விரலை நீட்டினார். பேச முடியாததால் புருவத்தை உயர்த்தினார்.

எனக்கு அது என்னவென்று தெரியவில்லை. நல்ல நல்ல வரலாற்றுப் புத்தகங்களாகப் படித்திருந்தேன். அதுதான் வினையாகப் போயிற்று. ஒரு டச்சு அதிகாரியைக் கொண்டுவந்தேன். முத்தை விழுங்கிய குளியாட்களை வளையத்துக்கு ஒருவராகக் கட்டினேன். மூன்று நாள் விளக்கெண்ணெய் கொடுத்தேன். சுவரின் வழவழப்பு அவர்களுடைய முதுகால் வந்தது என்றேன். கேப்டன் தொப்பியைக் கழற்றினார், சுவரைத் தொட்டார், வெகுநேரம் நின்றார். முட்டைக்கோசைப் பற்றி அன்று முழுவதும் அவர் கேட்கவேயில்லை.

இவ்வளவு நன்றாக வேலை செய்த ஒன்றை யார் விடுவார்கள்? அதற்குப் பின் வந்த கேப்டன்கள் எல்லோரும் அந்தச் சுவரைத் தொட்டார்கள். ஒரே ஆட்டோக்காரர்தான் எங்களை ஓட்டிப்போவார். அவருக்குக் காது நன்றாகவே கேட்கும் என்பதையும், கேப்டன்கள் இல்லாத நாட்களில் அவர் வேறு ஆட்களையும் ஏற்றுவார் என்பதையும் நான் யோசிக்கவில்லை.

பத்து வருடங்களுக்கு முன் ஒருநாள் அந்தத் தெரு வழியாகப் போனபோது, அந்த வீட்டுக்கார அண்ணாச்சி ஒரு ஆட்டோவின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு கத்திக்கொண்டிருந்தார். “இனிமே எவனையாவது இங்கன கூட்டிட்டு வந்து செயிலு கியிலுன்னு சொன்னே, வண்டியோட உன்னையக் கடல்ல தள்ளிருவேன் பாத்துக்கோ!” முற்றத்துக்குத் தகரக் கதவு போட்டிருந்தார். அன்றிலிருந்து நான் அந்தத் தெருவில் கால் வைத்ததில்லை. வங்கிக்குச் சுற்றுவழியாகத்தான் நடந்து போவேன். என் சர்க்கரை அளவு குறைந்திருப்பதாக மருத்துவர் பாராட்டினார்.

இப்போது தாளை மறுபடி பார்த்தேன். கடைசி வரி: ‘கட்டப்பட்ட எழுவரில் ஒருவர் இங்கேயே உயிர் நீத்தார்.’ நான் சொன்னபோது யாரும் சாகவில்லை. நான் பார்க்காத நேரத்தில் ஆட்டோ ஸ்டாண்டில் யாரோ கொன்றிருக்கிறார்கள்.

அவளிடம் போனேன். “ஏட்டி, இந்த அஞ்சாவது…”

மைக்கைக் கையால் பொத்தினாள். “பெரியப்பா, இன்னும் ஆரம்பிக்கவே இல்ல.”

“இத யாரு சொன்னா உனக்கு?”

“மூணு பேர்கிட்டத் தனித்தனியா விசாரிச்சு உறுதிப்படுத்திருக்கேன்.”

“எங்கன?”

“ரயில்வே ஸ்டேஷன் ஆட்டோ ஸ்டாண்டுல.”

“வீட்டுக்காரர்கிட்டக் கேட்டியா?”

“அவர் வீட்டுக் கதை அவருக்குத் தெரியாமலா இருக்கும்? வெளிய சொல்லச் சங்கடப்படுதாரு போல. அதான் இத்தனை வருஷம் யாரையும் உள்ள விடல. அவர் மக வழியாப் பேசி சம்மதம் வாங்க மூணு மாசம் ஆச்சு. உங்க வீட்டு வரலாற்றைக் கௌரவமாச் சொல்லுவேன்னு சொல்லிருக்கேன். நான் பக்குவமாச் சொல்லிக்கிடுவேன், நீங்க சும்மா வாங்க.”

“தொடங்கலாமா?” என்று மேலாளர் அம்மா அருகில் வந்தார்.

நான் அப்போதே சொல்லியிருக்கலாம். மேலாளர் வந்துவிட்டதால் சொல்லவில்லை என்று என் மனைவியிடம் பிறகு சொன்னேன். அது பாதிதான் உண்மை. மேலாளர் வந்தபோது எனக்கு ஒரு நிம்மதி வந்தது. அது மீதிப் பாதி.

முதல் நிறுத்தம் துறைமுக வாசலே. அவள் கொற்கையிலிருந்து தொடங்கினாள். ஒரு காலத்தில் உலகத்துக்கு முத்து அனுப்பிய துறைமுகம், கடல் விலகிப் போனதால் இன்று வாழைக்குத் தண்ணீர் பாய்ச்சும் ஊராகிவிட்டது. கடல் எங்கே வந்து நின்றதோ அங்கே இந்த ஊர் எழுந்தது. எழுதி மனப்பாடம் செய்ததுதான், ஆனால் அப்போதுதான் தோன்றியதுபோல் சொன்னாள். கோயம்புத்தூர் தம்பதி மூக்கிலிருந்து கையை எடுத்தார்கள். மேலாளர் ஐந்துக்கு ஐந்து போட்டார். அவள் மோசமாகச் சொல்லியிருந்தால் என் பாடு எளிதாக இருந்திருக்கும்.

கடற்கரைச் சாலையில் இரண்டாவது நிறுத்தத்துக்கு நடக்கும்போது தாளின் ஓரத்தைக் கிழித்து எழுதினேன்: ‘ஐந்தாவது பொய். சொல்லாதே. காரணம் பிறகு.’ நான்காக மடித்து அவள் கையில் திணித்தேன். அவள் பிரிக்காமலே பைக்குள் போட்டாள்.

“படி.”

“எத்தனை திருத்தம்?”

“ஒண்ணே ஒண்ணுதான்.”

“ரெண்டு நிறுத்தத்துக்கு ஒண்ணா? எல்லாத்தையும் சேத்துக் கடைசில படிக்கேன் பெரியப்பா.”

வாழ்நாள் முழுக்க மற்றவர்களைத் திருத்தியதற்கான கூலி கையோடு கிடைத்தது.

மூன்றாவது நிறுத்தமான மாதா கோயில் வாசலில் அவள் பேசிக்கொண்டிருக்கையில் தொப்பிக்காரர் கையைத் தூக்கினார். “அந்த ஜெயில் வீடு எப்போம்மா? ஸ்டேஷன்ல இருந்து வந்த ஆட்டோக்காரர் அதைப் பத்தித்தான் சொல்லிட்டே வந்தார். உடம்பெல்லாம் சிலிர்த்துப்போச்சு.”

“வரும் சார். அதுதான் இந்த நடைக்கே உயிர்,” என்றாள்.

மேலாளர் தாளை எடுத்து ஐந்தாவது குறிப்பைப் படித்தார். “நல்ல ஹைலைட். விளம்பரத்துல முதல்ல இதையே போடலாம்.”

இதற்குமேல் பொறுக்க முடியாது. நான்காவது நிறுத்தம் ஒரு பழைய பஞ்சுக் கம்பெனிக் கட்டடம். அதன் படிக்கட்டைப் பார்த்ததும் எனக்கு ஒரு யோசனை வந்தது. என் யோசனைகளின் வரலாறு தெரிந்திருந்தும் அதைச் செய்தேன். நெற்றியைப் பிடித்துக்கொண்டு படியில் உட்கார்ந்தேன்.

“கிறுகிறுன்னு வருது.”

அவள் பதறி ஓடி வந்தாள். பின்னாலேயே பதினோரு பேரும் வந்தார்கள். தொப்பிக்காரர் என் செருப்பைக் கழற்றினார். கோயம்புத்தூர் அம்மாள் ஆரஞ்சு மிட்டாய் ஒன்றை வாயில் திணித்தார். மேலாளர் குனிந்து பார்த்துவிட்டு, “முதலுதவிப் பெட்டி எங்கேம்மா?” என்று கேட்டார்.

அவளிடம் பெட்டி இல்லை.

“ஆம்புலன்ஸ் நம்பர், பக்கத்து மருத்துவமனை, எதாவது குறிச்சு வெச்சிருக்கீங்களா?”

அதுவும் இல்லை. மேலாளர் டேப்லெட்டில் எதையோ தட்டினார். நான் படியில் தாழ உட்கார்ந்திருந்ததால் நன்றாகவே தெரிந்தது: ஐந்துக்கு இரண்டு. அவளுக்கு உதவி செய்யப் போய் மூன்று மதிப்பெண்ணைத் தின்றிருந்தேன்.

“காத்து விடுங்க, எல்லாரும் தள்ளி நில்லுங்க,” என்று நான் முனகியதும் கூட்டம் விலகியது. அவள் மட்டும் தண்ணீர் பாட்டிலோடு என்னருகே குத்தவைத்தாள்.

“மைக்க அணை,” என்றேன்.

“என்ன செய்யுது பெரியப்பா? பெரியம்மாவுக்குப் போன் போடட்டுமா?”

“எனக்கு ஒண்ணும் இல்ல. அந்தச் சிறை பொய்யி. நான்தான் சொன்னேன். கப்பல் கம்பெனில வேலை பாக்கும்போது ஒரு கேப்டனுக்காகச் சொன்னது. டச்சுக்காரனும் இல்ல, விளக்கெண்ணெயும் இல்ல. ஆட்டோக்காரர் கேட்டுட்டு ஊரெல்லாம் பரப்பிட்டாரு. அந்த அண்ணாச்சிக்கு இந்தக் கதைய எடுத்தாலே ஆகாது. ஆட்டோவக் கடல்ல தள்ளுவேன்னவரு.”

அவள் முகத்தில் முதலில் சிரிப்புதான் வந்தது. நான் வேடிக்கை செய்கிறேன் என்று நினைத்திருப்பாள். பிறகு என் முகத்தைச் சரியாகப் பார்த்தாள். பாட்டில் மூடியைத் திருகி மூடினாள். மறுபடி திறந்தாள்.

“மூணு பக்கம் எழுதி வச்சிருக்கேன்,” என்றாள் மெதுவாக. “அப்ப அந்த வளையம் எதுக்கு?”

“தெரியாது.”

“தெரியாதா? இவ்வளவு பெரிய கதையச் சொல்லிருக்கீங்க, தெரியாதா?”

“கேட்கத் தோணல.”

“எனக்கும்தான் தோணல,” என்றாள். அதை என்னிடம் சொன்ன மாதிரி இல்லை. தொலைவில் மேலாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அடுத்த நிறுத்தத்தை விட்டுவிட்டுப் போய்விடலாம் என்றேன். “விளம்பரத்துல அதைத்தான் போடணும்னு இப்பதான் சொல்லுதாங்க. வீட்டுக்காரர் காலைல இருந்து காத்துட்டிருக்காரு. எப்படிப் பெரியப்பா விட?” என்று எழுந்துவிட்டாள்.

அந்தத் தெருவுக்கு இரண்டு நிமிட நடை. அவள் முன்னால் போனாள். கழுத்திலிருந்த மைக் அணைந்தே கிடந்தது. வழியிலிருந்த கட்டடங்களைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. மேலாளர் அதையும் கவனித்தார்.

அண்ணாச்சி வாசலில் நின்றுகொண்டிருந்தார். அறுபதைத் தாண்டியவர். இஸ்திரி மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை. தகரக் கதவு விரியத் திறந்திருந்தது. முற்றத்தைக் கழுவிவிட்டிருந்தார். எண்ணி வைத்ததுபோல் பிளாஸ்டிக் நாற்காலிகள், ஒரு மேசை மேல் டம்ளர்கள், தூக்குவாளியில் கருப்பட்டிக் காப்பி. தெருவிலிருந்து இரண்டு பேரை அழைத்து முன்வரிசையில் உட்கார வைத்திருந்தார்.

“வாங்க வாங்க, எல்லாரும் வாங்க. காப்பியக் குடிங்க மொதல்ல. உடன்குடிக் கருப்பட்டி, நம்ம ஊர்ச்சரக்கு. ஏம்மா, நீதான் பேசப்போற பிள்ளையா? நல்லாச் சொல்லு. இவங்க ரெண்டு பேரும் கேக்கணும்னுதான் கூப்பிட்டு வச்சிருக்கேன். தெருவுல அவனவன் வாய்க்கு வந்ததச் சொல்லுதான். படிச்ச பிள்ளை நீ எடுத்துச் சொன்னாத்தான் அடங்குவானுவ.”

அவர் எதை எதிர்பார்த்துக் கதவைத் திறந்தார் என்பது அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் காப்பி டம்ளருக்குள் பார்த்தேன்.

சுவர் அப்படியே இருந்தது. ஏழு வளையங்கள். வழவழப்பு. கூட்டம் நாற்காலிகளில் அரைவட்டமாக உட்கார்ந்தது. அவள் மைக்கைப் போட்டாள். ஒலிபெருக்கி ஒரு முறை கீச்சிட்டது. தாளைப் பார்த்தாள், சுவரைப் பார்த்தாள். மேலாளர் நிமிர்ந்து பார்த்தார். முன்வரிசையில் ஒருவர் இருமினார்.

“இந்த வீடு பழைய கிட்டங்கி,” என்று தொடங்கினாள். “இந்தச் சுவரில் ஏழு வளையங்கள் இருக்கின்றன. இவை எதற்கு என்று…” நிறுத்தினாள். “எனக்குத் தெரியாது.”

மேலாளரின் விரல் டேப்லெட்டின் மேல் அந்தரத்தில் நின்றது. ஒரு வழிகாட்டி அந்தச் சொல்லைச் சொல்லி நான் கேட்டதில்லை. வேறு யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

தொப்பிக்காரர் உற்சாகமாக முன்னால் வந்தார். “எனக்குத் தெரியும்மா! மறந்துட்டீங்களா? தாள்ல நீங்களே போட்டிருக்கீங்களே. முத்தை விழுங்கினவனை எல்லாம் இதுலதான் கட்டி வெச்சு…”

“என்னது?” என்றார் அண்ணாச்சி.

தொப்பிக்காரர் தாளை உதவியாக நீட்டினார். அண்ணாச்சி கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டு படித்தார். கடைசி வரியை இரண்டு முறை படித்தார் என்று நினைக்கிறேன். முகம் சிவக்கவில்லை, வெளுத்தது. அது இன்னும் பயமாக இருந்தது.

“செத்தே போயிட்டானா ஒருத்தன்,” என்றார். “என் வீட்டுக்குள்ள வந்து, என் காப்பியக் குடிச்சிட்டு, எங்கிட்டயே இதச் சொல்ல வந்தீங்களா? கௌரவமாச் சொல்லுதேன்னு எம் மககிட்டப் பேசினியேம்மா.”

“அண்ணாச்சி…”

“மாடியில வாடகைக்கு இருந்த டீச்சர்மாரு ரெண்டு பேரும் காலி பண்ணிட்டுப் போனாவ. ராவுல சங்கிலிச் சத்தம் கேக்குதாம். முன்னறைய விசேசத்துக்கு விடலாம்னு பெயின்ட் அடிச்சேன். காதுகுத்துக்குக் கூட ஒருத்தன் வரல. செயிலு வீட்டுல எவன் காதுகுத்துவான்? எம் பேரப்பிள்ளை இந்த முத்தத்துல நிக்கமாட்டேங்கு. எல்லாத்துக்கும் எவனோ ஒருத்தன் வாய்தான் காரணம். இன்னைக்கு நீ அச்சடிச்சே குடுத்துட்டே. எந்திரிங்க எல்லாரும். போங்க வெளிய.”

நாற்காலிகள் இழுபடும் சத்தம். கோயம்புத்தூர் தம்பதி டம்ளரைக் கீழே வைப்பதா எடுத்துப் போவதா என்று தெரியாமல் நின்றார்கள். மேலாளர் டேப்லெட்டை மூடி உறைக்குள் போட்டார். அந்த உறையின் பொத்தான் ‘டப்’ என்று மூடும் ஓசையில் ஒன்றாம் தேதி, சென்னை, காதுக் கருவி எல்லாம் எனக்கு ஒரே நேரத்தில் தெரிந்தன. அவள் அசையாமல் நின்றாள். என் பக்கம் பார்க்கக்கூட இல்லை. காட்டிக்கொடுத்திருந்தால் அவள் தப்பித்திருப்பாள். அவள் செய்யவில்லை.

“நான்தான்,” என்றேன்.

யாருக்கும் கேட்கவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடி சொன்னேன். “அண்ணாச்சி, அந்த எவனோ ஒருத்தன் நான்தான்.”

அண்ணாச்சி கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். “நீரு யாரு?”

சொன்னேன். கப்பல், பல், பஞ்சு, கேப்டன், எல்லாவற்றையும். நடுநடுவே வேடிக்கையாகச் சொல்ல வாய் துடித்தது. அடக்கிக்கொண்டேன். அடக்கியபோது கதை மிகச் சின்னதாக இருந்தது.

“எதுக்குச் சொன்னீரு?”

“முட்டைக்கோசு வரல அண்ணாச்சி. ரெண்டு மணி நேரம் ஓட்ட வேண்டியிருந்துச்சு.”

அவர் என்னை நோக்கி ஒரு அடி வைத்தார். நான் பின்னால் நகர்ந்து சுவரில் இடித்துக்கொண்டேன்.

“ஒரு லோடு முட்டைக்கோசு வரலேன்னு எங்க வீட்டச் செயிலாக்கிட்டீரா வேய்?”

முன்வரிசையில் ஒருவர் சிரிப்பை அடக்க முயன்று தோற்றார். அண்ணாச்சி அவரை ஒரு முறை முறைத்தார். சிரிப்பு நின்றது.

அப்போது அவள் கழுத்திலிருந்து மைக்கைக் கழற்றினாள். ஒலிபெருக்கியையும் இடுப்பிலிருந்து அவிழ்த்தாள். “அண்ணாச்சி, இந்தக் கதையச் சொல்லத்தான் நானும் வந்தேன். பத்து நிமிஷம் முன்னாலதான் பொய்யின்னு எனக்குத் தெரியும். இவங்க எங்க பெரியப்பா. ஆனா தப்பு என் மேலயும் இருக்கு. மூணு மாசமா உங்க வீட்டுக்குள்ள வரணும்னு கேட்டேனே தவிர, இது என்னன்னு உங்ககிட்ட ஒரு வார்த்தை கேக்கல.” மைக்கை இரண்டு கையாலும் அவரிடம் நீட்டினாள். “இப்பக் கேக்கேன். இந்த வளையம் எதுக்கு?”

அவர் வாங்கவில்லை. அவளும் கையை இறக்கவில்லை. அது எவ்வளவு நேரம் என்று தெரியாது. தெருவில் ஒரு உப்பு லாரி நுழைந்து, திரும்ப இடமில்லாமல் பின்னோக்கியே வெளியேறும் வரை நீண்டது.

“மாடு கட்டுத வளையம்லா,” என்றார் மைக் இல்லாமலே. “வேற என்னத்துக்கு?”

அவர் சுவரருகே போனார்.

“எங்க அப்பா காலத்துல உடன்குடியில இருந்து கருப்பட்டி ஏத்திட்டு வண்டி வரும். மாட்ட அவுத்து இங்கன கட்டுவாவ. நின்ன நெலையில மாடு சும்மா இருக்குமா? முதுகு அரிக்கும். சுவத்துல ஒரசும். வருசக்கணக்கா ஒரசி ஒரசித்தான் இந்த வழவழப்பு.” கையால் சுவரைத் தடவினார். “இதத்தான் இவரு மனுசன் முதுகுன்னாராம். இவ்வளவு அகலத்துக்கு எவனுக்குவே முதுகு இருக்கு?”

அத்தனை வருடத்தில் எந்தக் கேப்டனும் அந்தக் கேள்வியை என்னிடம் கேட்டதில்லை.

மேலாளர் உறையிலிருந்து டேப்லெட்டை எடுத்தார். “தண்ணி எங்கே வைப்பாங்க சார்?” என்று கேட்டார். அண்ணாச்சி தரையில் ஒரு பள்ளத்தைக் காட்டினார். தொப்பிக்காரர், “இந்தக் கடைசி வளையம் மட்டும் ஏன் மேலே இருக்கு?” என்றார். “அது முட்டுத மாடு. தலையத் தாழ்த்த முடியாம உயரத்துல கட்டுவாவ.” கேள்விகள் வந்துகொண்டே இருந்தன. எப்போது அவர் மைக்கை வாங்கினார் என்று நான் கவனிக்கவில்லை. அவர் குரல் ஒலிபெருக்கியில் தெரு வரை கேட்டது. அது அவருக்குப் பிடித்திருந்தது என்று நினைக்கிறேன்.

கிளம்பும்போது மேலாளர் வாசலில் நின்றார். “முதலுதவிப் பெட்டி இல்லாம அடுத்த நடை கிடையாது, அது வேற,” என்று அவளிடம் சொல்லிவிட்டு, “இந்த வீடு இல்லாம இந்த நடையை நான் விற்க முடியாது. சார், வாராவாரம் நாங்க வரலாமா?” என்று அண்ணாச்சியைக் கேட்டார்.

அவள் மூச்சை இழுத்துப் பிடித்தது எனக்குக் கேட்டது.

அண்ணாச்சி தாளை மடித்து மடித்துச் சின்னதாக்கினார். “அந்தப் பிள்ளை கூட்டிட்டு வரட்டும். கேக்கத் தெரிஞ்ச பிள்ளைதான், நேரங்கழிச்சுக் கேக்கு, அவ்வளவுதான். ஆனா ஒண்ணு.” விரலை என் மேல் நீட்டினார். “ஒவ்வொரு தடவையும் இவரும் வரணும். வந்து அந்தச் சுவத்துப் பக்கத்துல நின்னு, நான் சொன்னது பொய்யின்னு தன் வாயால சொல்லணும். தெருவுக்குக் கேக்கும்படியாச் சொல்லணும். அதுக்கப்புறம் நான் மாட்டப் பத்திப் பேசுதேன். அவரு வராத அன்னைக்கு இந்தக் கதவு திறக்காது.”

“எத்தனை வாரத்துக்கு அண்ணாச்சி?” என்றேன்.

“எத்தனை வருசம் சொன்னீரு?”

மேலாளர் என்னையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். “இவர் ஒத்துக்கிட்டா அடுத்த சனிக்கிழமையே தொடங்கிடலாம். ஆனா எல்லா சனிக்கிழமையும் வரணும். முடியுமா?”

எனக்குச் சனிக்கிழமைகளில் மதியம் வரை அலுவலகம் உண்டு, ஒரு முட்டியில் வலி உண்டு, சுயமரியாதையும் கொஞ்சம் மிச்சம் இருந்தது. இவற்றை எந்த வரிசையில் சொல்வது என்று யோசித்தேன். அவள் என் பக்கம் திரும்பவேயில்லை. ஒலிபெருக்கியை இடுப்பில் கட்டி, வாரை இழுத்து இறுக்கினாள்.

“வருவாங்க,” என்றாள் மேலாளரிடம். “ஆறரைக்கே வந்துருவாங்க.”